விதை நெல்லைக் காணோம்!
கதையை எப்படித் தொடங்குவது?

தேனி மாவட்டத்தில், சின்னமனூருக்குப் பக்கத்தில் இருக்கிறது மார்க்கையன்கோட்டை. முல்லைப் பெரியாற்றுத் தண்ணீரில் நெல் விளையும் ஊர்.

இந்த ஊர்ச் சிறுவன் ஒருவன் கதை எழுத உட்காருகிறான் என்று வைத்துக்கொள்வோம். அவன் இப்படித் தொடங்குகிறான்:

"எங்கள் ஊர் அழகான ஊர். இங்கே வயல்கள் உண்டு. இங்கே ஒரு விவசாயி இருந்தார்."

இதில் பிழை இல்லை. ஆனால், படிப்பவர் கொட்டாவி விடுவார்!

அதே சிறுவன் இப்படித் தொடங்கினால்?

"விடிந்தால் வாய்க்காலில் தண்ணீர் வந்துவிடும். அம்மா அறையைத் திறந்தாள். விதை நெல் மூட்டையைக் காணோம்!"

எடுத்தவர் யார்? இனி விதைப்பது எப்படி? தெரிந்துகொள்ளாமல் தாளைக் கீழே வைக்க முடியுமா?

ஊர் ஒன்றுதான். வயலும் ஒன்றுதான். தொடக்கம்தான் வேறு.

பெரியவர்கள் காட்டிய வழி

பெரிய எழுத்தாளர்களும் தொடக்கத்தில் கவனமாக இருந்தார்கள்.

கல்கி 1950-ல் "பொன்னியின் செல்வன்" தொடர்கதையை எழுதத் தொடங்கினார். கதை தொடங்குவது ஏதோ ஒரு நாளில் அல்ல. ஆடிப் பெருக்கு நாளில்! வீராணம் ஏரிக்கரையில் ஒரு வாலிபன் குதிரையில் வருகிறான். அவன் எங்கே போகிறான் என்று அறிய மனம் துடிக்கிறது.

புதுமைப்பித்தனின் "கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்" 1943-ல் வந்தது. சென்னைத் தெருமுனையில் ஒருவர் நிற்கிறார். டிராமுக்கு எவ்வளவு, வெற்றிலைக்கு எவ்வளவு என்று கணக்குப் பார்க்கிறார். காலணாக் கவலை! அதைப் படித்ததும் ஆள் நமக்குத் தெரிந்தவர் ஆகிவிடுகிறார். அவரிடம் வந்து வழி கேட்பவர் யார் தெரியுமா? கடவுள்!

வ.வே.சு. ஐயரின் "குளத்தங்கரை அரசமரம்" 1915-ல் வெளிவந்தது. ருக்மிணி என்ற பெண்ணின் சோகக் கதை அது. அதைச் சொல்வது மனிதர் அல்ல, மரம்!

ஒருவர் நல்ல நாளைப் பிடித்தார். ஒருவர் ஆளின் கவலையைப் பிடித்தார். ஒருவர் கதை சொல்லும் குரலையே மாற்றினார்.

சின்ன சோதனை

முதல் வரி வரவில்லையே என்று பேனாவைக் கடித்துக்கொண்டு இருக்க வேண்டாம். முதலில் முழுக் கதையையும் எழுதிவிட வேண்டும். பிறகு முதல் பத்தியைக் கையால் மறைத்துக்கொண்டு படிக்க வேண்டும். கதை புரிகிறதா? அப்படியானால் அந்தப் பத்தி தேவை இல்லை. அடித்துவிடலாம்!

ஒன்றை மட்டும் மறக்கக் கூடாது. மூட்டை காணாமல் போனது என்று தொடங்கினால், அது எங்கே போனது என்று முடிவதற்குள் சொல்லியாக வேண்டும். இல்லாவிட்டால் படித்தவரை ஏமாற்றியது போல் ஆகும். அடுத்த கதையை அவர் தொடமாட்டார்.

நம் ஊரிலும் கதை உண்டு

"கதை எல்லாம் பட்டணத்தில் நடப்பது. நம் ஊரில் என்ன இருக்கிறது?" என்று கிராமத்துப் பிள்ளைகள் பலர் நினைக்கிறார்கள். அந்த நினைப்பால் எழுதாமல் போன கதைகள் எத்தனையோ!

தமிழகப் பள்ளிக் கல்வித் துறை 2022-ல் மாணவர்களுக்காக "ஊஞ்சல்", "தேன்சிட்டு" என்ற இதழ்களைத் தொடங்கியது. பிள்ளைகள் எழுதவும் அவற்றில் இடம் தரப்பட்டது.

எழுதிய கதையை முதலில் வீட்டில் பாட்டிக்குப் படித்துக் காட்டலாம். மூன்று வரி படித்ததும் நிறுத்திப் பார்க்க வேண்டும்.

"அப்புறம்?" என்று பாட்டி கேட்டால், தொடக்கம் நல்ல தொடக்கம்தான்!