மாதத் தவணையை மட்டும் பார்க்காதீங்க, மொத்தக் கணக்கைப் பாருங்க!
வீட்டுக் கடன் பற்றித் தெரிந்துகொள்வோம்



போன மாதம் ஒரு கிராமத்தில் குழுக் கூட்டம் முடிந்து தீர்மான நோட்டில் எல்லாரும் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார்கள். ஒரு அக்கா மட்டும் மஞ்சப்பையோடு தயங்கி நின்றார். பைக்குள்ளே வீட்டுக் கடன் காகிதங்கள்.

"மேடம், அஞ்சு லட்சம் கடன் வாங்கி வீடு கட்டினோம். மாசம் 6,001 ரூபாய். அஞ்சு வருஷமா ஒரு தவணை கூடத் தவறல. இதுவரைக்கும் மூணு லட்சத்து அறுபதாயிரம் கட்டியாச்சு. மீதி ஒரு லட்சத்து நாப்பதாயிரம் தானே இருக்கும்? ஆடு வித்த காசும், சீட்டுக் காசும் போட்டு முடிச்சிரலாம்னு ஆபீசுக்குப் போனேன். 4 லட்சத்து 18 ஆயிரம் பாக்கின்னு சொல்றாங்க. என்னை ஏமாத்திட்டாங்களா?"

கூட்டத்தில் இருந்த எல்லாருடைய முகமும் மாறிவிட்டது. காரணம், அங்கே இன்னும் மூன்று பேர் வீட்டுக் கடன் வாங்க விண்ணப்பம் கொடுத்திருந்தார்கள்.

காகிதங்களை வாங்கி ஒவ்வொரு வரியாகப் பார்த்தேன். வட்டி வருடத்துக்கு 12 சதவீதம், காலம் 15 வருடம். இடையில் வட்டி மாறவில்லை, அபராதமும் இல்லை. ஆபீசில் சொன்ன கணக்கு சரிதான். யாரும் ஏமாற்றவில்லை. ஆனால் கடன் கொடுத்த அன்றைக்கு இந்தக் கணக்கை யாரும் அக்காவிடம் விளக்கிச் சொல்லவும் இல்லை. அன்று அந்தக் கூட்டத்தில் நாங்கள் போட்டுப் பார்த்த கணக்கைத்தான் இங்கே எழுதுகிறேன்.

நம்ம குழுக் கணக்கும் வீட்டுக் கடன் கணக்கும்

நம் குழுவில் உள்கடன் எப்படிக் கொடுக்கிறோம்? 10,000 ரூபாய், மாதம் நூற்றுக்கு ஒரு ரூபாய் வட்டி, பத்து மாதத்தில் கட்ட வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். முதல் மாதம் அசல் 1,000, வட்டி 100. அடுத்த மாதம் மீதி அசல் 9,000 தான், அதனால் வட்டி 90. இப்படி அசல் குறையக் குறைய வட்டியும் குறையும். பத்து மாதத்தில் மொத்த வட்டி 550 ரூபாய். இது நமக்கு நன்றாகத் தெரிந்த கணக்கு.

வீட்டுக் கடனிலும் மீதி இருக்கிற அசலுக்குத்தான் வட்டி. ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. குழுவில் மாதாமாதம் அசல் ஒரே அளவு, வட்டி மட்டும் குறையும். வீட்டுக் கடனில் மாதாமாதம் கட்டுகிற மொத்தத் தொகை ஒரே அளவு. இதைத்தான் இ.எம்.ஐ. என்கிறார்கள். அந்தத் தொகையில் முதலில் வட்டியை எடுத்துக்கொண்டு, மிஞ்சுவதை மட்டும் அசலில் கழிப்பார்கள்.

அக்காவின் முதல் தவணையைப் பாருங்கள். 5 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டுமே 5,000 ரூபாய். கட்டிய 6,001 ரூபாயில் அசலில் கழிந்தது 1,001 தான். இரண்டாம் மாதம் வட்டி 4,990, அசல் 1,011. அசல் ஆமை வேகத்தில்தான் இறங்குகிறது. 60 தவணை முடிந்த பிறகும் அசலில் கழிந்திருப்பது சுமார் 82 ஆயிரம். மீதி 2 லட்சத்து 78 ஆயிரமும் வட்டிக்கே போயிருக்கிறது.

அசலில் பாதி, அதாவது இரண்டரை லட்சம், எப்போது அடையும் தெரியுமா? பத்தரை வருடம் கட்டிய பிறகு! 15 வருடக் கடனில் மூன்றில் இரண்டு பங்குக் காலம் தாண்டிய பிறகுதான் பாதி அசலே முடிகிறது.

"அடேயப்பா, நம்ம வீட்டுக்கு முன்னாடி அவங்க வீட்டைக் கட்டியிருக்கோம்!" என்றார் ஒரு பாட்டி. எல்லாரும் சிரித்தோம். ஆனால் யோசிக்க வேண்டிய பேச்சு அது.

தவணை குறைந்தால் லாபமா?

நம்மில் பலர் கேட்கிற ஒரே கேள்வி, "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்பதுதான். கடன் கொடுக்க வருகிறவரும் அதைத்தான் முதலில் சொல்வார். "காலத்தை நீட்டிக்கிட்டா தவணை குறையும்மா" என்பார். உண்மைதான். ஆனால் மொத்தம் என்ன ஆகிறது? அதே 5 லட்சம், அதே 12 சதவீத வட்டியில் பாருங்கள்:

10 வருடம் என்றால் மாதத் தவணை 7,174 ரூபாய். மொத்தம் கட்டுவது சுமார் 8 லட்சத்து 61 ஆயிரம்.

15 வருடம் என்றால் மாதத் தவணை 6,001 ரூபாய். மொத்தம் கட்டுவது சுமார் 10 லட்சத்து 80 ஆயிரம்.

20 வருடம் என்றால் மாதத் தவணை 5,505 ரூபாய். மொத்தம் கட்டுவது சுமார் 13 லட்சத்து 21 ஆயிரம்.

15 வருடத்தை 20 வருடமாக நீட்டினால் மாதம் 496 ரூபாய் குறைகிறது. ஆனால் மொத்தத்தில் 2 லட்சத்து 41 ஆயிரம் கூடுகிறது. மாதம் ஐநூறு ரூபாய் மிச்சம் என்று நினைத்து இரண்டரை லட்சத்தை விடுகிறோம்.

(கணக்குப் புரிவதற்காக 12 சதவீதம் என்று எடுத்திருக்கிறேன். வங்கியில் இதைவிடக் குறைவாக இருக்கலாம். சின்ன வீட்டுக் கடன் கம்பெனிகளில் கூடுதலாகவும் இருக்கலாம்.)

இதற்காக, சக்திக்கு மீறிய தவணையையும் ஒத்துக்கொள்ளக் கூடாது. தவணை கட்ட நுண்கடன் கம்பெனியில் ஒரு கடன், அதை அடைக்க இன்னொரு கடன் என்று போனால் வீடும் போகும், நிம்மதியும் போகும். தொடர்ந்து 90 நாளுக்கு மேல் தவணை நின்றால் அது வாராக்கடன். 2002ஆம் வருடச் சட்டப்படி வங்கிகளும் வீட்டுக் கடன் நிறுவனங்களும் 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, அதற்குள் கட்டாவிட்டால் அடமான வீட்டைக் கைப்பற்றி ஏலம் விடவும் முடியும். தவணை தாங்காது என்று தெரிந்தால் காலத்தை நீட்டுவதற்கு முன்னால் கடன் தொகையைக் குறைக்க முடியுமா என்று பாருங்கள். சுவரும் கூரையும் முதலில், டைல்ஸும் பெயிண்டும் அப்புறம் என்று கட்டினால் யாரும் குறை சொல்லப் போவதில்லை.

எட்டிப் பார்க்காத செலவுகள்

வட்டி விகிதம் மட்டும் விலை ஆகாது. கடன் வாங்கும்போதே செயல்முறைக் கட்டணம், வக்கீல் கருத்து, இன்ஜினியர் மதிப்பீடு, பத்திரத்தை அடமானமாகப் பதியும் செலவு என்று வரிசையாக வரும்.

இன்சூரன்ஸ் இன்னொன்று. சம்பாதிக்கிறவர் இறந்துவிட்டால் கடன் குடும்பத்தின் தலையில் விழாமல் காக்கும், அதனால் நல்லதுதான். ஆனால் அந்தப் பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிடுகிறார்களா என்று கேளுங்கள். 20,000 ரூபாய் பிரீமியத்தைக் கடனில் சேர்த்தால், 12 சதவீதத்தில் 15 வருடத்தில் அதற்காக மட்டும் நாம் கட்டுவது சுமார் 43,200 ரூபாய். கையிலிருந்து கட்ட முடிந்தால் கட்டிவிடுங்கள்.

"பிளாட் வட்டி" என்று யாராவது சொன்னால் இன்னும் உஷார். முதலில் வாங்கிய முழுத் தொகைக்கும் கடைசி மாதம் வரை வட்டி போடுவதுதான் அது. ஒரு லட்சம், 5 வருடம், 12 சதவீதம் பிளாட் என்றால் வட்டி 60,000. குறையும் அசலுக்கு அதே 12 சதவீதம் என்றால் வட்டி சுமார் 33,500 தான். "பிளாட் 12" என்பது உண்மையில் 20 சதவீதத்துக்கும் மேல்.

எனக்கே நடந்தது

படித்தவர்களுக்கு இது நடக்காது என்று நினைக்காதீர்கள். நானும் என் கணவரும் 2021ல் 20 வருடத்துக்கு வீட்டுக் கடன் வாங்கினோம். மாறும் வட்டி. காட்டிய இடத்தில் எல்லாம் கையெழுத்துப் போட்டேன். ஊர் ஊராகப் போய்க் கணக்கு எழுதச் சொல்லிக் கொடுக்கிற நான், என் கணக்கைப் படிக்கவில்லை.

2022 மே மாதத்திலிருந்து 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வட்டியை 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதத்துக்கு ஏற்றியது. அதைத் தொடர்ந்து வீட்டுக் கடன் வட்டிகளும் ஏறின. எங்கள் தவணை கொஞ்சம்தான் கூடியது, சமாளித்தோம். பிறகு ஒருநாள் கணக்கு அறிக்கையை வாங்கிப் பார்த்தால், கடைசித் தவணைத் தேதி பல வருடம் தள்ளிப் போயிருந்தது. எங்களை யாரும் கேட்கவில்லை. நாங்களும் போய்க் கேட்கவில்லை.

அக்காவின் கடன் போன்ற ஒன்றில் தொடக்கத்திலேயே வட்டி 12லிருந்து 13 ஆனால், தவணையை மாற்றாமல் விட்டால் 180 தவணை 216 ஆகிவிடும். ஒரே ஒரு சதவீதத்துக்கு மூன்று வருடம் கூடுதல்! 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு விதி கொண்டுவந்தது. வட்டி ஏறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டுமா என்று கடன்தாரருக்கு வாய்ப்புத் தர வேண்டும். கேட்பது நம் உரிமை. 2025ல் ரெப்போ வட்டி குறைந்தது. அதுபோல் இறங்கும்போது நம் கடனிலும் இறங்கியதா என்றும் கேட்க வேண்டும்.

சுமையைக் குறைக்க வழி

இருக்கிறது. கையில் கூடுதல் பணம் வரும்போது அசலில் கட்டுவதுதான் வழி. அறுவடைப் பணம், ஆடு வித்த காசு, சீட்டுப் பணம், போனஸ் எதுவாக இருந்தாலும் சரி.

இதே கடனில் முதல் வருட முடிவில் 25,000 ரூபாய் அசலில் கட்டியிருந்தால் கடைசியில் 20 தவணை குறைந்திருக்கும். அதாவது 1 லட்சத்து 20 ஆயிரம். ஐந்து வருடம் கழித்து அதே 25,000 கட்டினால் 13 தவணை, சுமார் 78 ஆயிரம் குறையும். எவ்வளவு சீக்கிரம் கட்டுகிறோமோ அவ்வளவு லாபம்.

கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று எழுதிக் கொடுத்து, நகலில் முத்திரை வாங்கிக்கொள்ளுங்கள். தனிநபராக வாங்கிய மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. மாறாத வட்டி என்றால் ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருக்கிறது என்று பாருங்கள். அவசரத் தேவைக்கென்று கையிருப்பு கொஞ்சம் வைத்துக்கொண்டு மீதியைக் கட்டுவதே நல்லது.

கையெழுத்துப் போடும் முன் கேளுங்கள்

1. கடைசித் தவணை வரை மொத்தம் எவ்வளவு கட்டுவேன்? அதில் வட்டி எவ்வளவு?

2. மாறும் வட்டியா, மாறாத வட்டியா? மாறினால் எனக்கு எப்படித் தெரிவிப்பீர்கள்?

3. கட்டணங்கள் எல்லாம் சேர்த்தால் வருடத்துக்கு உண்மையான வட்டி எத்தனை சதவீதம்? 2024 அக்டோபர் முதல், இந்த விவரமும் தவணை அட்டவணையும் உள்ள முக்கிய விவரத் தாளை நமக்குப் புரிகிற மொழியில் தர வேண்டும். தமிழில் கேட்டு வாங்குங்கள்.

4. என் பெயர் எதில் இருக்கிறது? இணைக் கடன்தாரராகக் கையெழுத்துப் போட்டால் முழுக் கடனுக்கும் நாமும் பொறுப்பு. கடனில் பெயர் இருந்தால் பத்திரத்திலும் நம் பெயர் இருக்கட்டும் என்று வீட்டில் பேசுங்கள்.

5. கடன் முடிந்ததும் பத்திரம் எப்போது கிடைக்கும்? 30 நாளுக்குள் மூலப்பத்திரத்தைத் தர வேண்டும். அவர்களால் தாமதமானால் நாள் ஒன்றுக்கு 5,000 ரூபாய் நமக்குத் தர வேண்டும். இது 2023 டிசம்பர் முதல் உள்ள விதி. பத்திரம் வந்த பிறகு அடமானம் நீங்கியதா என்று வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள்.

அடுத்த கூட்டத்தில்...

வீட்டுக் கடன் உள்ளவர்கள் கணக்கு அறிக்கையை அடுத்த குழுக் கூட்டத்துக்குக் கொண்டு வாருங்கள். அசல் பாக்கி எவ்வளவு, கடைசித் தவணை எந்த வருடம் என்ற இரண்டை மட்டும் எல்லாரும் சேர்ந்து கண்டுபிடியுங்கள். எழுதப் படிக்கத் தெரிந்த ஊக்குநரோ, பள்ளிக்கூடம் போகிற பிள்ளையோ உதவலாம்.

அந்த அக்கா இப்போது என்ன செய்கிறார்? ஆடு வித்த காசையும் சீட்டுக் காசையும் வைத்திருந்தார் அல்லவா? அதில் 25,000 ரூபாயை அசலில் கட்டிவிட்டு, காலத்தைக் குறைக்கச் சொல்லி எழுதிக் கொடுத்து வந்தார். விண்ணப்பம் கொடுத்த மூன்று பேரில் ஒருவர், கடன் தொகையை ஒரு லட்சம் குறைத்துக் கேட்டிருக்கிறார்.

போன வாரம் அக்காவைப் பார்த்தபோது புது ரசீதைக் காட்டினார். "முன்னெல்லாம் கட்டின தொகையைப் பார்த்துட்டு மடிச்சு வச்சிருவேன் மேடம். இப்ப அசல் பாக்கி எவ்வளவுன்னுதான் முதல்ல பார்க்கிறேன்" என்றார்.

நாமும் அந்த வரியைப் பார்ப்போம், தோழிகளே.

கள ஒருங்கிணைப்பாளர்