கெட்டிமேளத்துக்கு ரீடேக் கிடையாது!

அதிகாலை நாலரை மணி. சமையல்கட்டில் கேசரிக்கு ரவை வறுபடும் வாசனை. ஐயர் செங்கல் அடுக்கி ஹோமகுண்டம் தயார் செய்கிறார். பெண்ணுக்கு அலங்காரம் நடக்கிறது, மாப்பிள்ளை இன்னும் குளித்து முடிக்கவில்லை. மேடையின் மூலைக்கு மூலை போய் நிற்பதும் குந்துவதும் எழுவதுமாக இருப்பவர் ஒருவர்தான்: வீடியோக்காரர். "சாமி, நீங்க எந்தப் பக்கம் உக்காருவீங்க? தாலி கட்டறப்போ முன்னாடி யாரும் மறைக்காம பாத்துக்கலாமா?" ஐயர் கையைக் காட்டி இடம் சொல்கிறார். முகூர்த்தத்தின் மிகப் பெரிய ரகசிய ஒப்பந்தம் அங்கேயே முடிந்துவிட்டது! கெட்டிமேளத்துக்குச் சைகை காட்டும் முன் பல ஐயர்களின் கண் ஒரு நொடி கேமரா பக்கம் போய் வரும். அடுத்த கல்யாணத்தில் கவனித்துப் பாருங்கள்.

கல்யாண வீட்டில் எனக்கு மிகவும் பிடித்தது இந்தத் திரைமறைவு வேலைதான். உள்ளே வாருங்கள், சுற்றிக் காட்டுகிறேன்.

பட்ஜெட் போடும் இரவு

காஞ்சிபுரத்தை ஒட்டிய ஏனாத்தூரை வெளியூர்க்காரர்களுக்கு சங்கரா பல்கலைக்கழகத்தை வைத்து அடையாளம் சொல்வது வழக்கம். இந்தப் பக்கத்தில் சின்னக் கல்யாணம் என்றால் கோயிலில் தாலி, வீட்டு வாசல் பந்தலிலோ சிறிய மண்டபத்திலோ சாப்பாடு, நூறு நூற்றைம்பது பேர் என்று வைத்துக்கொள்ளலாம். நோட்டைத் திறந்து செலவுக் கணக்கு எழுதும்போது ஒவ்வொரு வீட்டிலும் இந்தப் பேச்சு வரும்.

"போட்டோதான் எடுக்கிறோமே, வீடியோ வேற எதுக்கும்மா? யாரு உக்காந்து பாக்கப் போறா?"

"சித்தப்பா பையன் செல்லுலயே எடுத்துடுவான்பா."

"அப்ப ஆயா பாடறதையெல்லாம் யாருங்க எடுப்பாங்க?"

மூன்றாவதாகக் கேட்ட அம்மாவின் பக்கம் நான். கல்யாணம் சின்னது என்பதால்தான் வீடியோ வேண்டும் என்கிறேன். ஆயிரம் பேர் வரும் ரிசப்ஷனில் கேமரா பார்ப்பது மொய்க் கவரோடு நகரும் வரிசையை. நூறு பேர் கல்யாணத்தில் திரையில் வருகிற ஒவ்வொரு முகமும் உங்களுக்குச் சொந்தம், ஒவ்வொரு குரலும் அடையாளம் தெரியும். வீடியோவை வேண்டாம் என்று சொல்லாதீர்கள், பேக்கேஜைச் சிறிதாக்குங்கள்.

செல்போன் திட்டம் எங்கே உடைகிறது?

முதலில் கோயில் வாசலில். தமிழகக் கோயில்களுக்குள் செல்போனைத் தடை செய்யும்படி உயர் நீதிமன்ற மதுரைக் கிளை 2022 டிசம்பரில் உத்தரவிட்டது. கோயிலுக்குக் கோயில் நடைமுறை மாறும். எனவே தேதி குறித்த கையோடு கோயில் அலுவலகத்தில் வீடியோவுக்கு அனுமதி உண்டா, கட்டணம் எவ்வளவு என்று கேட்டு, ரசீது வாங்கிவிடுங்கள். காஞ்சி ஏகாம்பரநாதர் கோயிலில் பங்குனி உத்திரத் திருக்கல்யாணத்தின்போது சுவாமியோடு சேர்ந்து பல ஜோடிகள் தாலி கட்டிக்கொள்வார்கள். அந்த நெரிசலில் நம் ஜோடியை மட்டும் விடாமல் பிடிப்பதைக் கற்பனை செய்து பாருங்கள்! அதற்குத் தொழில் தெரிந்தவர் வேண்டும்.

அடுத்தது, சித்தப்பா பையனுக்கும் அது கல்யாணம். மாப்பிள்ளைக்குக் குடை பிடிக்க வேண்டும், பந்தியில் பரிமாற வேண்டும், அத்தை பெண்ணைக் கிண்டல் செய்ய வேண்டும். அவன் கையில் செல்லைத் திணித்துவிட்டால் இவ்வளவையும் அவன் இழப்பான். தாலி கட்டும் நொடியில் அந்த செல்லுக்கு அழைப்பு வந்தால் இன்னும் மோசம்.

பட்டுக்கும் கேமராவுக்கும் போட்டி

கல்யாணப் புடவை பக்கத்து ஊர் தறியில் நெய்த காஞ்சிப் பட்டு. நேராக விளக்கடித்தால் ஜரிகை வெள்ளையாக வெளுத்துப்போகும். அரக்குச் சிவப்பு இன்னும் பொல்லாதது: கேமராவின் சென்சாரில் சிவப்பு நிரம்பி வழிந்து, மடிப்பெல்லாம் மறைந்து ஒரே திட்டாகிவிடும். விவரம் தெரிந்தவர் விளக்கைப் பக்கவாட்டில் வைப்பார், வெளிச்சத்தைச் சற்றே குறைத்து எடுப்பார். அப்போது கரையும் உடலும் சேரும் கோர்வை இழை இழையாகத் தெரியும். பார்க்கிறபோது எனக்குக் கைதட்டத் தோன்றும்.

இன்னொரு வித்தை டியூப்லைட்டில் இருக்கிறது. நம் மின்சாரம் நொடிக்கு 50 சுற்று. அதனால் பழைய டியூப்லைட் வெளிச்சம் நொடிக்கு 100 முறை ஏறி இறங்கும். கண்ணுக்குத் தெரியாத இது கேமராவுக்குத் தெரியும். வேகம் ஒத்துப்போகாவிட்டால் திரையில் கறுப்புப் பட்டை ஓடும். ஆகவே நொடிக்கு 25 பிரேம், ஷட்டர் 50-ல் ஒரு பங்கு என்று வைத்துக்கொள்வார்கள். மேடையின் சீரியல் செட் விளக்குகள் அதற்கும் அடங்காமல் துடிப்பதுண்டு. அதற்காகவே முதல் நாள் மாலையில் எல்லாவற்றையும் போட்டுப் பார்க்கச் சொல்வார்கள்.

உயிர் ஒலியில் இருக்கிறது

மாப்பிள்ளையின் பட்டுச் சட்டைக்குள் ஒரு காலர் மைக் ஒளிந்திருக்கும். மந்திரம் அதில் விழும். "தலையைக் கொஞ்சம் குனிம்மா" என்று நாத்தனார் அடுத்த முடிச்சுக்கு இடம் கேட்பது விழும். மாப்பிள்ளை பெண் காதில் முணுமுணுக்கும் முதல் வார்த்தையும் விழும்! மைக் ஓடுகிறது என்பதை இருவரிடமும் முன்கூட்டியே சொல்லிவிடுவது நல்ல வீடியோக்காரரின் மரியாதை.

பிறகு தவில். ஒலி அளவைக் கேமராவிடமே விட்டுவிட்டால் கெட்டிமேளம் கரகரவென்று உடையும். மேளம் ஓய்ந்த பிறகும் சிறிது நேரம் பேச்சு அமுங்கியே கேட்கும். அதனால் வீடியோக்காரர் தவில்காரரிடம் முன்பே போய், "அண்ணே, ஒரு தடவை பலமா தட்டிக் காட்டுங்க" என்று கேட்டு, அளவைக் கையால் குறைத்து வைப்பார். மாலை மாற்றுவதை இரண்டு மூன்று தடவை செய்யச் சொல்லலாம். மூன்றாவது தடவைதான் சிரிப்பு நன்றாக வரும். தாலி ஒரே ஒரு முறை. அட்சதை பறக்கும், கூட்டம் எழுந்து நிற்கும், ஹோமப் புகை கண்ணை மறைக்கும். அனுபவசாலி ஒரு கேமராவை ஸ்டாண்டில் அகலமாக வைத்து ஓடவிட்டிருப்பார். இன்னொன்று அவர் கையில் இருக்கும்.

கேசட் சொல்லும் பாடம்

எண்பதுகளில் வீடியோ வந்தபோது தோளில் பெரிய கேமரா, பின்னால் ஒயரோடு ஹாலஜன் விளக்கைத் தூக்கிவரும் லைட் பாய். அந்த வெளிச்சம் பந்திக்குள் நுழைந்ததும் பாதிப் பேர் இலையைப் பார்த்துக் குனிந்துகொள்வார்கள். மூன்று மணி நேர வி.எச்.எஸ். கேசட்டில் இதயத்துக்குள்ளும் பூவுக்குள்ளும் மணமக்கள் முகம் சுழலும். கேசட் போடும் வி.சி.ஆர். கருவியைக் கடைசியாகத் தயாரித்துவந்த ஜப்பானின் ஃபுனாய் நிறுவனம் 2016 ஜூலையில் உற்பத்தியை நிறுத்தியது. பூஞ்சை பிடிப்பதற்குள் பழைய நாடாவை டிஜிட்டலுக்கு மாற்றப் பல குடும்பங்கள் இப்போது ஓடுகின்றன.

மாற்றிப் பார்க்கும்போது எல்லோரும் எதைத் தேடுகிறார்கள்? மறைந்த தாத்தா வாசலில் "வாங்க, வாங்க" என்று கைகூப்பும் குரலை! வாயசைவு தெரிகிறது, குரல் கேட்பதில்லை. மேலே சினிமாப் பாட்டைப் போட்டு மூடிவிட்டார்கள். பாட்டை இன்றைக்கும் எங்கேயும் கேட்கலாம், தாத்தாவின் குரலை எங்கே போய்க் கேட்பது? இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஆற்றாமையாக இருக்கிறது.

பாட்டில் சட்டச் சிக்கலும் உண்டு. கல்யாண ஊர்வலத்திலும் அதைச் சேர்ந்த கொண்டாட்டங்களிலும் பாட்டு ஒலிப்பதற்குக் காப்புரிமைச் சட்டத்தின் 52(1)(za) பிரிவு விலக்குத் தருகிறது. மத்திய அரசும் 2023 ஜூலை 24 அறிவிப்பில் அதை உறுதிசெய்தது. வீடியோவில் பாட்டைச் சேர்த்து யூடியூபில் ஏற்றுவது வேறு விஷயம். அங்கே உரிமையாளர் கோரிக்கை வரலாம். இயற்கை ஒலிக்கு அந்தத் தொல்லை மிகக் குறைவு.

எதை விடலாம், எதை விடக்கூடாது

ஹெலிகேமை விடலாம். நூறு பேர் பந்தலை வானத்திலிருந்து பார்த்தால் தெரிவது தகரக் கூரைதான். கிரேனை விடலாம். நாலு கேமராவும் வேண்டாம். சின்ன மேடையில் அவை சுவர் மாதிரி நின்று, வந்தவர்களிடமிருந்தே ஜோடியை மறைத்துவிடும். 2020 ஊரடங்கில் கல்யாணத்துக்கு 50 பேருக்கு மேல் கூடாது என்று இருந்தபோது, ஸ்டாண்டில் நிறுத்திய ஒரே கேமரா வழியாகச் சொந்தபந்தம் முழுக்க நேரலையில் பார்த்து அழுதது, சிரித்தது. கேமராக் கூட்டம் தேவையில்லை என்பதற்கு அதைவிடச் சாட்சி வேண்டாம்.

எடிட் செய்யாத மூலப் பதிவை மட்டும் விட்டுவிடாதீர்கள். 2022 ஜூன் 9-ல் மாமல்லபுரத்தில் நடந்த நயன்தாரா–விக்னேஷ் சிவன் கல்யாணத்தைச் சொல்லும் ஆவணப்படம் நெட்ஃபிளிக்ஸில் வந்தது 2024 நவம்பர் 18-ல். அங்கே தாமதத்துக்குக் காரணம் வேறாக இருக்கலாம்; நம் வீட்டுப் படத்தொகுப்புக்கும் நாள் பிடிக்கும். மூலப் பதிவு கையில் இருந்தால் காத்திருக்கும் கவலை இல்லை. 100 எம்.பி.பி.எஸ். தரத்தில் எடுத்தால் ஒரு மணி நேரத்துக்கு 45 ஜிபி வரும்; இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் ஏற்றி, ஒன்றைப் பெண் வீட்டிலும் ஒன்றை மாப்பிள்ளை வீட்டிலும் வையுங்கள்.

ஆக, தீர்மானம் சுலபம். முகூர்த்தத்துக்கும் அதன் முன்பின் சில மணி நேரங்களுக்கும் வீடியோக்காரர் ஒருவர், நல்ல மைக் இரண்டு. அட்வான்ஸ் கொடுக்கும்போதே தெளிவாகச் சொல்லிவிடுங்கள்: "அண்ணே, எங்களுக்கு டீசர் வேணாம், பாட்டும் வேணாம். தாலி கட்டு முழுசா வேணும், ஒரு கட் கூட இல்லாம. அப்புறம் வந்திருக்கிற பெரியவங்க ஒவ்வொருத்தர் கிட்டயும் மைக்கை நீட்டி, ரெண்டு வார்த்தை வாழ்த்து வாங்கிடுங்க. ஆயாவைப் பாடச் சொல்லுங்க, முடிக்கிற வரைக்கும் கேமராவைத் திருப்பாதீங்க!"