கறையும் கைமருந்தும்

அழுக்கு வேறு, கறை வேறு. அழுக்கு என்பது துணியின்மேல் ஒட்டிக்கொண்டிருக்கும் தூசியும் வியர்வையும் எண்ணெய்ப் பசையுமே. சோப்பும் தண்ணீரும் அதைக் கிளப்பிவிடும். கறை அப்படியன்று. அது நூலிழைக்குள்ளேயே புகுந்து குடியேறிவிட்ட பொருள். இன்ன பொருள் என்று அறியாமல், கைக்குக் கிடைத்ததைப் போட்டுத் தேய்த்தால் துணிதான் தேயும், கறை தேயாது. கல்லூரிக்கென்று இரண்டு மூன்று நல்ல உடைகளை மட்டுமே வைத்துக்கொண்டு ஆண்டு முழுவதையும் ஓட்டும் நம்மில் பலருக்கு இது சின்ன விஷயமன்று.

நம் கடலூர் மாவட்டத்துக் கறைகளிலிருந்தே தொடங்குவோம். பண்ருட்டிப் பக்கத்தில் பலாப்பழம் அறுப்பவர்கள் கத்தியிலும் கையிலும் முதலில் எண்ணெய் தடவிக்கொள்வதைப் பார்த்திருப்பீர்கள். பலாப்பாலின் பிசின் நீரில் கரையாது; எண்ணெயில் இளகும். துணியில் பட்டுவிட்டால் தேங்காயெண்ணெய் விட்டுக் கால்மணி நேரம் ஊறவைத்து, பழந்துணியால் பிசினை வழித்தெடுத்து, அதன்பிறகு சோப்புப் போட வேண்டும். “ஒரு கறையைப் போக்க இன்னொரு கறையை ஏற்றுவதா?” என்று என் தம்பி கேட்டான். ஆம், ஏற்றத்தான் வேண்டும். ஆனால் எண்ணெய் சோப்புக்கு அடங்கும், பிசின் அடங்காது.

வாழைக்கறையும் முந்திரிப்பழக் கறையும் வேறு சாதி. இவற்றில் துவர்ப்புப் பொருள்கள் உண்டு. பட்டவுடன் நிறமே தெரியாது. காற்றிலுள்ள ஆக்சிஜனோடு சேரச் சேரப் பழுப்பாகிக் கறுக்கும். இந்த மாற்றத்தை விரைவாக்கும் நொதி ஒன்றும் அந்தச் சாற்றிலேயே இருக்கிறது. புளிப்பு அந்த நொதியை அடக்கும். எலுமிச்சையிலுள்ள வைட்டமின் ‘சி’யும் கறுப்பதைத் தடுக்கும். ஆகவே ஈரம் காயுமுன் எலுமிச்சைச் சாறு தடவி அலசிவிட்டால் பெரும்பாலும் தப்பிக்கலாம். சோப்பை முதலில் போட்டால் அதிலுள்ள காரத்தால் கறை இன்னும் கறுக்கும். துருப்பிடித்த இரும்பு வாளியில் ஊறவைத்தாலோ கேட்கவே வேண்டாம்! துவர்ப்பும் இரும்பும் சேர்ந்தால் மை. அந்தக் காலத்து எழுதும் மையே அப்படித்தான் செய்யப்பட்டது.

அந்த இரும்புத் துருவே தனியாகத் துணியில் ஏறினால் (கம்பிக் கொடியில் காயும் வெள்ளைச் சட்டைகளுக்கு வாய்க்கும் வரம் இது) எலுமிச்சைச் சாற்றோடு உப்புச் சேர்த்துத் தடவி ஒரு மணி நேரம் வெயிலில் போடலாம். சிட்ரிக் அமிலம் இரும்பைப் பற்றி இழுத்து நீரில் கரையும்படி செய்கிறது. புளியும் ஓரளவு இதைச் செய்யும். பிறகு நன்றாக அலசிவிட வேண்டும்; அமிலம் தங்கினால் பருத்தி நூல் நைந்துபோகும்.

மஞ்சள் கறையில் சோப்புப் போட்டதும் அது குங்குமமாய்ச் சிவப்பதைக் கண்டு பயப்படாத வீடு இல்லை. நம் ஆய்வுக்கூடத்தில் மஞ்சள் தாளைக் காரத்தில் தோய்த்துப் பார்க்கிறோமே, அதுதான் இது. அலசினால் மறுபடி மஞ்சளாகிவிடும். மஞ்சளின் நிறப்பொருளான குர்குமின் நீரில் கரையாது. ஆனால் வெளிச்சத்தைத் தாங்காது. சோப்பில் அலசி ஈரத்தோடு இரண்டு நாள் நல்ல வெயிலில் உலர்த்துவதே மருந்து. செலவும் இல்லை. சாயத் துணியானால் மட்டும் எச்சரிக்கை வேண்டும். வெயிலுக்கு எந்தச் சாயம் நமக்குப் பிடித்தது என்று தெரியாது.

இரத்தக்கறை பற்றி மாணவியர் பேசத் தயங்க வேண்டியதில்லை. குளிர்ந்த நீரும் சிறிது உப்பும் போதும். வெந்நீர் கூடவே கூடாது. இரத்தத்திலுள்ள புரதம் முட்டை வேகுவதுபோல் வெந்து நூலிலேயே இறுகிவிடும். பாலும் முட்டையும் சிந்தினாலும் இதே விதி.

சிதம்பரத்தில் என் சித்தி வீடு இருக்கிறது. ஆனித் திருமஞ்சனத்துக்கும் மார்கழித் திருவாதிரைக்கும் போனால், கூட்டத்தில் யாராவது ஒருவர் பட்டுச் சேலையில் விளக்கெண்ணெயோ நெய்யோ ஒட்டிக்கொண்டு திரும்புவார். சித்தி உடனே பச்சரிசி மாவையோ கடலை மாவையோ தூவி இரவு முழுவதும் வைத்துவிடுவார். மாவு எண்ணெயை உறிஞ்சிக்கொள்ளும். காலையில் உதறிவிட்டுப் பூந்திக்கொட்டை நீரில் அலசுவார். பட்டு ஒரு புரதம். சலவைச் சோடாவின் காரம் அதை அரிக்கும். பூந்திக்கொட்டையிலுள்ள சப்போனின் காரமில்லாமலே நுரைத்து எண்ணெயைப் பிரிக்கும். சித்தி பள்ளிக்கூடம் போகாதவர். முறையில் ஒரு பிழை காண முடியவில்லை.

பருத்திக்குக் காரம் பகையன்று. சலவைத் தொழிலாளர் வெள்ளாவி வைத்தது இதை நம்பித்தான். உவர்மண்ணில் சோடியம் கார்பனேட் உண்டு. அதில் தோய்த்த துணிகளை அடுக்கி இரவெல்லாம் ஆவியில் வேகவிட்டால் எண்ணெய்ப் பசை சோப்பாகவே மாறி வெளியேறும். மறுநாள் ஆற்றில் அடித்து வெயிலில் விரித்தால் வெண்மை. ஆங்கிலேயக் கம்பெனி 1690இல் நம் கடலூரில் புனித டேவிட் கோட்டையை வாங்கியதற்குத் துணி வாணிகமும் ஒரு காரணம். அந்தத் துணியை வெளுத்தவர்களின் பெயரால்தான் சென்னையில் வண்ணாரப்பேட்டை இருக்கிறது. பிரான்சில் பெர்தோலே குளோரினால் துணி வெளுக்கலாம் என்று காட்டியது 1785இல். டென்னன்ட் சலவைத்தூளுக்குக் காப்புரிமை பெற்றது 1799இல். அதற்கு எத்தனையோ காலம் முன்பே இங்கே வெள்ளாவி கொதித்துக்கொண்டிருந்தது.

இங்கே ஓர் எச்சரிக்கை. சலவைத்தூளோடு எலுமிச்சையையோ வினிகரையோ ஒருபோதும் கலக்காதீர்கள். வெளிவருவது குளோரின் வாயு. 1915இல் ஈப்ரு போர்க்களத்தில் வீரர்களைக் கொன்ற அதே வாயு. மற்றொன்று, சமையல் சோடாவையும் வினிகரையும் கலந்து பொங்கவைப்பது. பார்க்க அழகாகத்தான் இருக்கும். அமிலமும் காரமும் ஒன்றையொன்று தீர்த்துக்கொண்டபின் வாளியில் மிஞ்சுவது பெரும்பாலும் ஓர் உப்புக் கரைசல்தான்!

இனி, என்னை இக்கட்டுரை எழுத வைத்த கறை. என் தாயார் முந்திரிக்கொட்டை உடைக்கும் வேலைக்குப் போகிறவர். எங்கள் வீட்டில் கல்லூரிப் படி ஏறியவள் நானே முதல். “இவ்வளவு படிக்கிறியே பாப்பா, இந்தக் கறைக்கு ஒரு வழி சொல்லேன்” என்று முந்தானையைக் காட்டினார். கொட்டையின் தோட்டிலுள்ள எண்ணெயில் அனகார்டிக் அமிலமும் கார்டனாலும் கார்டாலும் இருக்கின்றன. நாளானால் அது காற்றில் இறுகி வார்னிஷ் போல ஆகிவிடும். வண்டிகளின் பிரேக் பட்டைக்கும் வண்ணப்பூச்சுக்கும் அதை வாங்குவதே அந்த இறுக்கத்திற்காகத்தான். பட்டவுடன் விளக்கெண்ணெய் தேய்த்துச் சோப்புப் போட்டால் பெரும்பகுதி வரும். பழங்கறைக்கு, நான் படித்தவரையில், துணியைக் கெடுக்காத கைமருந்து ஏதும் இல்லை. அதை அப்படியே சொன்னேன்.

“சேலை போகட்டும், இதுக்கு?” என்று கையை நீட்டினார். விரல் நுனிகளெல்லாம் கறுத்திருந்தன. அது கறையன்று, அந்த எண்ணெய் பொசுக்கிய தோல். எலுமிச்சை தேய்த்தால் எரியும். வேறு பயன் இல்லை. தோல் உரிந்து புதுத்தோல் வரும்வரை காத்திருக்கத்தான் வேண்டும். கொட்டை உடைக்குமுன் சாம்பலோ விளக்கெண்ணெயோ பூசிக்கொள்வது வழக்கம்; அது ஓரளவே காக்கும். அவருக்கு இப்போது இரண்டு இணை ரப்பர் கையுறை வாங்கிக் கொடுத்திருக்கிறேன். போட்டுக்கொண்டால் வேகம் குறைகிறது, கூலியும் குறைகிறது என்கிறார். காலையில் போட்டுக்கொள்கிறார், மதியத்துக்குமேல் கழற்றிவிடுகிறார்.