பிஸ்கெட் பிழியலாம் வாங்க!

தீபாவளி முடிந்த கையோடு முறுக்கு அச்சைக் கழுவித் துடைத்துப் பரணில் ஏற்றிவிடுகிறோம். அப்புறம் கோகுலாஷ்டமி வந்தால்தான் அதற்கு விமோசனம். உழக்கு, நாழி, உரல் என்று ஊருக்கு ஊர் பெயர் மாறினாலும், இந்த அச்சு இல்லாத வீடு நம் பக்கத்தில் அபூர்வம். அதை வைத்தே பூப் போட்ட வெண்ணெய் பிஸ்கெட் செய்யலாம் என்றால் நம்புவீர்களா?

தாராளமாக நம்பலாம். ஜெர்மனி, ஸ்வீடன், நார்வே போன்ற நாடுகளில் கிறிஸ்துமஸ் வந்தால் இந்தப் பிழி பிஸ்கெட்டைத்தான் பல வீடுகளில் செய்கிறார்கள். 'ஸ்பிரிட்ஸ்' என்று பெயர். பீய்ச்சுவது என்று பொருள் தரும் ஜெர்மன் சொல்லிலிருந்து வந்தது. அவர்கள் பிழியும் கருவியைப் பார்த்தால், "அட, நம்ம முறுக்கு அச்சுதானே!" என்பீர்கள். ஒரு குழாய், அடியில் ஓட்டை போட்ட வில்லை, மேலிருந்து அழுத்த ஒரு பிடி. அவ்வளவுதான். நாம் பிழிந்ததை எண்ணெயில் போட்டுப் பொரிக்கிறோம். அவர்கள் எண்ணெயில்லாமல் அனலில் வேக வைக்கிறார்கள்.

"அதெல்லாம் சரி, உடல்நலப் பத்திரிகையில் பிஸ்கெட்டுக்கு என்ன வேலை?" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி.

எதற்கு இந்த மெனக்கெடல்?

வெண்ணெயின் விலைக்கு எல்லா பிஸ்கெட்டிலும் வெண்ணெய் போட்டுக் கட்டுப்படியாகாது. அதனால் வனஸ்பதியோ, பாமாயில் கலந்த கொழுப்போ சேர்ப்பது வழக்கம். தாவர எண்ணெயோடு ஹைட்ரஜனைச் சேர்த்துக் கெட்டியாக்கும்போது, அது அரைகுறையாக நடந்தால் 'டிரான்ஸ் கொழுப்பு' உண்டாகிறது. இது ரத்தத்தில் கெட்ட கொலஸ்ட்ராலை ஏற்றி, நல்ல கொலஸ்ட்ராலை இறக்கிவிடும். ஒரே நேரத்தில் இரண்டு கெடுதல். இதை உணவிலிருந்து ஒழிக்கச் சொல்லி உலக சுகாதார நிறுவனம் 2018-ல் எல்லா நாடுகளுக்கும் அழைப்பு விடுத்தது. நம் நாட்டில் எண்ணெய், கொழுப்புகளில் டிரான்ஸ் கொழுப்பு 2 சதவிகிதத்துக்கு மேல் இருக்கக்கூடாது என்ற விதி 2022 ஜனவரி முதல் நடைமுறையில் இருக்கிறது. பாக்கெட் பிஸ்கெட்டின் உறையிலே இந்தக் கணக்கைப் பார்த்துக்கொள்ளலாம். எடை போட்டு, காகிதத்தில் கட்டித் தரும் பிஸ்கெட்டுக்கு உறை ஏது?

வெண்ணெய் மட்டும் ரொம்ப யோக்கியமா? இல்லை. 100 கிராம் வெண்ணெயில் சுமார் 50 கிராம் பூரிதக் கொழுப்பு இருக்கிறது. டாக்டர்கள் 'சாச்சுரேட்டட்' என்று சொல்வார்களே, அதுதான். அதுவும் கெட்ட கொலஸ்ட்ராலை ஏற்றக்கூடியதே. எனவே 'வீட்டில் செய்ததுதானே' என்று டப்பாவைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்தால், கடையில் வாங்கியதைவிட மோசமாகத்தான் முடியும்.

அப்படியானால் லாபம் என்ன? கணக்கு நம் கையில் இருக்கிறது. எத்தனை கிராம் வெண்ணெய், எத்தனை கிராம் சர்க்கரை என்பது தெரியும். அச்சில் பிழிவதால் எல்லாம் ஒரே அளவில், சின்னதாக வரும். பார்க்க அழகாக இருப்பதால் தட்டில் இரண்டு வைத்தாலே நிறைவாகத் தெரியும். இந்த பிஸ்கெட்டின் சூட்சுமமே அதுதான்.

தேவையானவை (24 பிஸ்கெட்டுக்கு)

உப்பில்லாத வெண்ணெய் - 100 கிராம்
பொடித்த சர்க்கரை - 50 கிராம்
மைதா - 75 கிராம்
சலித்த கோதுமை மாவு - 50 கிராம்
காய்ச்சி ஆற வைத்த பால் - 1 முதல் 2 டேபிள்ஸ்பூன்
ஏலக்காய்ப் பொடி அல்லது வெனிலா எஸன்ஸ் - அரை டீஸ்பூன்
உப்பு - ஒரு சிட்டிகை (கடையில் வாங்கும் உப்பு வெண்ணெய் என்றால் இது வேண்டாம்)

வீட்டில் கடைந்த வெண்ணெய் என்றால் அதிலுள்ள மோரையும் தண்ணீரையும் நன்றாகப் பிழிந்து எடுத்துவிடுங்கள். ஈரம் இருந்தால் மாவு கொழகொழத்துப் போகும்.

செய்முறை

வெண்ணெயை அரை மணி நேரம் முன்பே ஃபிரிட்ஜிலிருந்து எடுத்து வையுங்கள். விரலால் அழுத்தினால் பள்ளம் விழவேண்டும். ஆனால் உருகிப் பளபளக்கக் கூடாது. அதோடு சர்க்கரைப் பொடியைச் சேர்த்து, வெளுத்து லேசாகும் வரை மரக்கரண்டியால் நன்றாகக் குழையுங்கள். ஐந்து நிமிடமாவது ஆகும்.

இரண்டு மாவையும் உப்பையும் சேர்த்து இரண்டு தடவை சலித்து இதில் கொட்டி, ஏலப்பொடியையும் போட்டு, விரல் நுனியால் ஒன்று சேருங்கள். சப்பாத்தி மாவு மாதிரி அடித்துப் பிசையக் கூடாது. பிசையப் பிசைய மாவிலுள்ள பசைத்தன்மை கூடி, பிஸ்கெட் கடக்கென்று ஆகிவிடும். பாலை ஸ்பூன் ஸ்பூனாக விட்டு, முறுக்கு மாவைவிடக் கொஞ்சம் தளர்வாகச் சேர்த்தால் சரி.

அச்சில் ஒற்றை நட்சத்திர ஓட்டை உள்ள வில்லையைப் போடுங்கள். முள்ளு முறுக்குக்குப் போடுவோமே, அதுதான். நெய் தடவாத, சுத்தமான தட்டில் பிழியுங்கள். நெய் தடவினால் மாவு தட்டைப் பிடிக்காமல் அச்சோடு வழுக்கிக்கொண்டே வரும். ஐந்து அங்குல நீளத்துக்குப் பிழிந்து, கத்தியால் வெட்டி, இரு முனைகளையும் சேர்த்தால் வளையம். அப்படியே வளைத்தால் லாடம். நெளித்து விட்டால் பாம்பு. ரிப்பன் பக்கோடா வில்லை போட்டு இரண்டு அங்குலத் துண்டுகளாக வெட்டினால் வரி வரியாகப் பட்டை பிஸ்கெட்.

மேலே அலங்காரத்துக்கு நறுக்கிய பிஸ்தா, எள், பாதி உலர்திராட்சை, எது கையில் இருக்கிறதோ அதை வைக்கலாம். கலர் பொடி வேண்டவே வேண்டாம். பழுப்பு நிறத்துக்கு, கோதுமை மாவில் ஒரு டேபிள்ஸ்பூனைக் குறைத்துவிட்டு கோகோ சேர்க்கலாம். மஞ்சளுக்கு, பாலில் ஊறிய நாலு இழை குங்குமப்பூ போதும்.

பிழிந்த தட்டை அப்படியே ஃபிரிட்ஜில் 20 நிமிடம் வையுங்கள். பிறகு 170 டிகிரி செல்சியஸில் முன்கூட்டியே சூடேறிய ஓவனில் 12 முதல் 14 நிமிடம் வேகவிடுங்கள். ஓரம் மட்டும் பொன்னிறமானால் எடுத்துவிடலாம். சூட்டில் மெத்தென்றுதான் இருக்கும். ஆறினால்தான் மொறுமொறுப்பு வரும். 'இன்னும் வேகலையே' என்று கருக விடாதீர்கள். மாவுப் பண்டங்கள் அதிகச் சூட்டில் கருகக் கருக 'அக்ரிலமைடு' என்ற வேண்டாத பொருள் அதில் கூடும்.

பூ ஏன் கலைகிறது?

பலர் கைவிடுவது இந்த இடத்தில்தான். பிழியும்போது ரேகை ரேகையாக இருக்கும். வெந்து வெளியே வந்தால் வட்ட வட்டமாகச் சப்பி இருக்கும். காரணம் வெண்ணெய். அது 32 முதல் 35 டிகிரிக்குள் உருகிவிடும். நம்ம ஊர் மதிய வெயிலே அந்த அளவுக்கு வந்துவிடுகிறதே! மாவு வேகமாகச் சூடானால், மாவு இறுகும் முன்பே வெண்ணெய் உருகி ஓடிவிடும். ஃபிரிட்ஜில் வைத்துக் குளிர்ந்த மாவுக்கோ, உருவம் இறுகுவதற்குக் கொஞ்சம் அவகாசம் கிடைக்கிறது. காலை நேரத்தில் செய்வதும், முதல் ஈடு எடுத்த சூட்டுத் தட்டில் அடுத்த ஈட்டைப் பிழியாமல் இருப்பதும் நல்லது.

பேக்கிங் பவுடர், சோடா உப்பு சேர்க்கக் கூடாது. அவை மாவை உப்ப வைத்துப் பூவை அழித்துவிடும். சர்க்கரையைப் பொடித்தே போடவேண்டும். முழுச் சர்க்கரை உருகிப் பரவும், அச்சின் ஓட்டையையும் அடைக்கும். மாவு பிழிய வராமல் அடம் பிடித்தால் ஒரு ஸ்பூன் பால். துண்டு துண்டாக உடைந்தாலும் அதே வைத்தியம்தான். வழிந்தால் பத்து நிமிடம் ஃபிரிட்ஜ்.

ஓவன் இல்லையா?

கவலை வேண்டாம். அடி கனமான பழைய அலுமினியப் பாத்திரமோ, இரும்புச் சட்டியோ போதும். உள்ளே ஒரு அங்குலத்துக்குக் கல்லுப்பு பரப்பி, அதன் மேல் ஒரு வளையம் வைத்து, மூடி போட்டு மிதமான தீயில் 10 நிமிடம் காய விடுங்கள். பிஸ்கெட் தட்டை வளையத்தின் மேல் வைத்து மூடி, சிறு தீயில் 20 நிமிடம். 15 நிமிடத்திலேயே ஒரு தடவை திறந்து பாருங்கள். அடுப்புக்கு அடுப்பு தீ மாறும்.

குக்கரில் செய்வதானால் கேஸ்கெட்டையும் வெயிட்டையும் கண்டிப்பாகக் கழற்றிவிட வேண்டும். தண்ணீர் இல்லாமல் காய்வதால் தினம் சமைக்கும் நல்ல குக்கரை இதற்குப் பலி கொடுக்காதீர்கள். நான்-ஸ்டிக் பாத்திரம் கூடாது. வெறுமனே காய்ந்தால் அதன் பூச்சிலிருந்து கெட்ட புகை வரும். மைக்ரோவேவில் 'கன்வெக்ஷன்' வசதி இருந்தால் மட்டுமே பிஸ்கெட் சரியாக வரும்.

யாருக்கு எத்தனை?

மேலே சொன்ன மாவில் 24 பிஸ்கெட் வரவேண்டும். 15 தான் வந்தது என்றால் பெரிதாகப் பிழிந்துவிட்டீர்கள். சரியான அளவில் ஒரு பிஸ்கெட்டுக்கு 4 கிராம் வெண்ணெய், 2 கிராம் சர்க்கரை, 55 முதல் 60 கலோரி. ஒரு சின்ன இட்லியின் கலோரிதான். ஆனால் இட்லி வயிற்றை நிரப்பும். பிஸ்கெட் 'இன்னொண்ணு' கேட்க வைக்கும்!

பெரியவர்களுக்கு எல்லா வழியிலும் சேர்த்து நாளைக்கு 25 கிராம் சர்க்கரைக்குள் இருந்தால் நல்லது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் யோசனை. இரண்டு பிஸ்கெட்டில் 4 கிராம் போய்விடும். கூடவே இரண்டு ஸ்பூன் சர்க்கரை போட்ட காபி என்றால் இன்னும் எட்டு, பத்து கிராம். ஆகவே பிஸ்கெட் சாப்பிடும் வேளையில் காபியின் சர்க்கரையில் கை வையுங்கள்.

பள்ளி விட்டு வரும் பிள்ளைகளுக்கு இரண்டு பிஸ்கெட், கூடவே ஒரு பழமோ கொஞ்சம் சுண்டலோ. இரண்டு வயது முடியாத குழந்தைக்குச் சர்க்கரை சேர்த்த எந்தப் பண்டமும் வேண்டாம். ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளைகளுக்கான பிஸ்கெட்டில் முழு பாதாம், முந்திரி பதிக்காதீர்கள். தொண்டையில் அடைத்துக்கொள்ளும். பொடியாக்கித் தூவுங்கள்.

வீட்டில் சர்க்கரை நோயாளி இருந்தால்? 'சர்க்கரைக்குப் பதில் வெல்லம் போட்டிருக்கேன், தாத்தா சாப்பிடட்டும்' என்பது நம் வீடுகளில் சகஜமாக நடக்கும் தப்பு. வெல்லம், கருப்பட்டி, நாட்டுச் சர்க்கரை எல்லாமே ரத்தச் சர்க்கரையை ஏற்றக்கூடியவைதான். அஸ்பர்டேம் வகை இனிப்பு மாத்திரையைப் பொடித்துப் போட்டாலும் பலனில்லை. சூட்டில் அதன் இனிப்பு போய்விடும். போதாக்குறைக்கு மைதாவும் ரத்தத்தில் சீக்கிரமே சர்க்கரையாகிவிடுகிறது. எனவே தாத்தாவுக்கு ஆசை என்றால் ஒன்றே ஒன்று, அதுவும் சர்க்கரை கட்டுப்பாட்டில் இருந்து, டாக்டர் சம்மதித்தால். அன்றைக்குச் சோற்றில் ஒரு கரண்டி குறையட்டும். மாரடைப்பு வந்தவர்களும், கொலஸ்ட்ராலுக்கு மாத்திரை சாப்பிடுபவர்களும் வெண்ணெய்க் கணக்கை மறக்கக் கூடாது.

சத்து கூட்ட விரும்பினால் கோதுமை மாவில் பாதியை எடுத்துவிட்டுக் கேழ்வரகு மாவு சேர்க்கலாம். நிறம் கறுக்கும், கொஞ்சம் உதிரும். ருசி குறையாது. அதற்காக அது மருந்தாகிவிடாது. பிஸ்கெட் பிஸ்கெட்தான்.

குட்டிக் கைகளுக்கு வேலை

வளையம் வளைப்பது, எள் தூவுவது எல்லாம் பிள்ளைகளுக்குக் கொண்டாட்டமான வேலை. தாங்களே செய்ததை அவர்கள் எண்ணி எண்ணிப் பங்கு போடுவார்கள். ஒன்று மட்டும் கவனம். பச்சை மாவை நக்க விடாதீர்கள். மாவு வேகாத பொருள், அதில் நோய்க்கிருமிகள் இருக்கலாம். வேலை முடிந்ததும் சோப்புப் போட்டுக் கை கழுவச் சொல்லுங்கள். அடுப்பிலிருந்து தட்டை எடுப்பது பெரியவர்கள் வேலை.

முழுக்க ஆறிய பிறகே காற்றுப் புகாத எவர்சில்வர் டப்பாவில் போடுங்கள். ஒரு வாரம், பத்து நாள் மொறுமொறுப்பு குறையாது. நாலு பேர் உள்ள வீட்டில் ஆளுக்கு இரண்டு என்றால் 24 பிஸ்கெட் மூன்று நாள் வரும். முதல் நாள் சாயங்காலமே டப்பா காலி என்றால், அடுத்த தடவை பாதி மாவு பிசையுங்கள்!