வெள்ளைப் புடவையும் நந்தனார் வேடமும்

ஆண்டு விழா நெருங்கிவிட்டால் எங்கள் பள்ளியில் மீசை வரைந்தே கண்மை தீர்ந்துவிடும். பெண்கள் பள்ளியாயிற்றே! அரசனும் நாங்களே, அரக்கனும் நாங்களே. ராயபுரத்திலிருந்து சற்றுத் தொலைவில், வால்டாக்ஸ் சாலையில் இருந்த ஒற்றைவாடை நாடகக் கொட்டகையிலோ நிலைமை நேர்மாறு. அக்கால பாய்ஸ் கம்பெனிகளில் சிறுவர்களே பெண் வேடம் புனைந்தனர். ஜப்பானியரின் கபுகி நாடகத்திலும், 1629இல் பெண்கள் மேடையேறத் தடை வந்தபின் ஆண்களே பெண்களாக நடித்தனர். எங்களைப் போல ஆண் வேடம் ஏற்ற ஒரு பெண்மணியைப் பற்றிச் சொல்லவே இந்தப் பீடிகை. எங்களுக்கு அது விளையாட்டு, அவருக்கு அப்படியன்று.

அவர் கொடுமுடியில் 1908இல் பிறந்த கே.பி. சுந்தராம்பாள். வறுமையால் சிறு வயதிலேயே நாடகக் கம்பெனியில் சேர்ந்தவர். 1926இல் கொழும்பில் செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பாவுடன் இணைந்து நடித்தார். ஒலிபெருக்கி இல்லாமலே கடைசி வரிசைக்கும் எட்டிய குரல்கள் இருவருடையவை. மறு ஆண்டே மணம். கிட்டப்பா ஏற்கெனவே மணமானவர். அவ்வாழ்வில் அமைதி நிலைக்கவில்லை, பிறந்த குழந்தையும் தங்கவில்லை, பிரிவு வந்தது. 1933 டிசம்பரில் கிட்டப்பா 27 வயதில் காலமானார். சுந்தராம்பாளுக்கு அப்போது 25.

வெள்ளைப் புடவை உடுத்தி, நகைகளைக் களைந்து, இனி எந்த ஆணுடனும் ஜோடியாக நடிப்பதில்லை என்று உறுதி பூண்டார். வள்ளி திருமணமும் கோவலன் கதையும் மேடையை ஆண்ட காலத்தில் இது தொழிலையே துறப்பதற்குச் சமம். பாட்டை விடுவதா, உறுதியை விடுவதா?

திரைப்படத்துக்கு அழைத்தபோது, மறுக்க ஒரு வழியாக ஒரு லட்சம் ரூபாய் கேட்டாராம். தயாரிப்பாளர் சம்மதித்துவிட்டார்! 1935இல் வெளியான அந்த 'நந்தனார்' படத்தில் நந்தனாரே அவர்தாம். கதாநாயகனே தாமாகிவிட்டால் ஜோடி எதற்கு? பின்னர் 1953இல் 'ஔவையார்'. இளமை வேண்டாமென்று முதுமையை வேண்டிப் பெற்றவளாக நாம் கதை கேட்ட மூதாட்டியின் வேடம். அதிலும் உறுதிக்குப் பங்கம் இல்லை.

இதைத் தியாகம் என்று மட்டும் புகழ எங்களுக்கு மனம் வரவில்லை. மனைவியை இழந்த நடிகர் ஒருவரிடம் ஊர் இதை எதிர்பார்த்திருக்குமா? ஆயினும் அந்தக் குரல் அடங்கவில்லை. சட்ட மேலவை உறுப்பினரானார். 1970இல் பத்மஸ்ரீ பெற்றார். 1980இல் மறையும்வரை அதே வெள்ளைப் புடவைதான். வானொலியில் அவர் பாட்டு வந்தால் எங்கள் பாட்டிமார் அடுப்பைத் தணித்துவிட்டு வந்து நின்று கேட்பார்களாம்.