லூட்விக் லாண்ட்மன் (1868–1945)
பிராங்க்ஃபர்ட் மேயர், 1924–1933

இந்த ரோமர் நகரமன்றத்திலிருந்து ஒன்பது ஆண்டுகள் நகரை ஆண்டவர் லூட்விக் லாண்ட்மன். மன்ஹைம் நகரில் யூதக் குடும்பத்தில் பிறந்தார். 1917-இல் யூதச் சமய அமைப்பிலிருந்து விலகினார்.

முதல் உலகப் போருக்குப் பின் நிலவிய வீட்டுப் பஞ்சத்தைப் போக்க, 1925-இல் கட்டடக் கலைஞர் எர்ன்ஸ்ட் மையை நகரப் பணிக்கு அழைத்தார். ‘புதிய பிராங்க்ஃபர்ட்’ திட்டத்தில் உழைக்கும் மக்களுக்காக ஆயிரக்கணக்கான வீடுகள் எழுந்தன. இட நெருக்கடிக்கு ஏற்ப மார்கரெட்டே ஷூட்டே-லிஹோட்ஸ்கி வடிவமைத்த ‘பிராங்க்ஃபர்ட் சமையலறை’ இந்த வீடுகளுக்காக உருவானதே.

1933 மார்ச்சில், உள்ளாட்சித் தேர்தலுக்கு முதல் நாள், நாஜிகளின் நெருக்குதலால் லாண்ட்மன் பதவி விலகினார். நாஜிக் கட்சியின் ஃபிரீட்ரிக் கிரெப்ஸ் அப்பதவியில் அமர்ந்தார். சமயத்தை விட்டு விலகியிருந்தும், பிறப்பை வைத்து லாண்ட்மனை யூதராகவே நாஜி அரசு கணக்கிட்டது. பெர்லினில் சில ஆண்டுகள் வாழ்ந்த அவர், 1939-இல் மனைவியின் தாய்நாடான நெதர்லாந்துக்குச் சென்றார். மறு ஆண்டே அந்நாட்டையும் ஜெர்மானியப் படை கைப்பற்றியது.

நெதர்லாந்தைப் பட்டினி வாட்டிய குளிர்காலத்தின் முடிவில், 1945 மார்ச் 5 அன்று ஃபோர்பர்க் நகரில் உடல் நலிந்து இறந்தார். அதே மாத இறுதியில் பிராங்க்ஃபர்ட் நாஜிகளிடமிருந்து விடுபட்டது. நகரின் மேற்குப் பகுதியில் ஒரு பெருஞ்சாலை இன்று அவர் பெயரைத் தாங்கியுள்ளது.