குழந்தைப் பெயர்களின் மூலமும் பொருளும்: சரிபார்க்கும் நெறிகள்

முன்னுரை

குழந்தைக்குப் பெயரிடுவோர் இன்று பெயர்ப்பட்டியல் நூல்களையும் இணையத் தொகுப்புகளையும் நாடுகின்றனர். இத்தொகுப்புகள் பெயருக்கு நேரே ஒரு பொருளையும் மொழிக்குறிப்பையும் தருகின்றன. அவற்றுக்குரிய சான்றைப் பெரும்பாலும் தருவதில்லை. பெற்றோர் நம்பி ஏற்ற விளக்கத்தையே குழந்தை வாழ்நாள் முழுவதும் தன் பெயரின் பொருளாகக் கூறிவருகிறது. ஆதலின் அவ்விளக்கத்தைச் சரிபார்க்கும் நெறிகளைச் சில பெயர்களின் வழி இக்கட்டுரை எடுத்துரைக்கிறது.

மொழிமுதல் எழுத்து

ரகரமும் லகரமும் தமிழில் மொழிக்கு முதலாகா என்பது தொல்காப்பியமும் நன்னூலும் வகுத்த நெறி. எனவே ரேவதி, லதா ஆகியன தமிழ்ச்சொற்கள் அல்ல என்பதை ஒலியமைதி கொண்டே உணரலாம். எனினும், இந்நெறிக்கு உட்பட்ட பெயர்கள் அனைத்தும் தமிழ் என்று முடிவு செய்தல் பொருந்தாது. ஆதிரை என்னும் பெயரே இதற்குச் சான்று.

மூலமும் வழக்கும்

தனித்தமிழ்ப் பெயரெனப் பலரும் கருதும் ஆதிரை, 'ஈரமானது' எனப் பொருள்படும் 'ஆர்த்ரா' என்னும் வடசொல்லின் தற்பவ வடிவம். தமிழில் அது விண்மீனின் பெயராயிற்று. மணிமேகலையில் அமுதசுரபியில் முதற்பிச்சை இட்ட கற்புடைய பெண்ணின் பெயராகவும் அமைந்தது. மூலம் வடமொழி, வழக்கோ நெடுங்காலத் தமிழ் வழக்கு. இவ்விரண்டையும் தனித்தனியே குறிப்பதே முறை.

இதற்கு மறுதலையான சான்று மீனா. இது வடமொழிப் பெயராகவே கொள்ளப்படுகிறது. ஆயின் மீன் என்னும் சொல் தமிழ், மலையாளம், கன்னடம், தெலுங்கு ஆகிய மொழிகளில் வேரூன்றியது. அதுவே வடமொழியில் 'மீன' எனப் புகுந்தது என மொழியியலாளர் கருதுவர். 1961இல் வெளிவந்து 1984இல் திருத்தம் பெற்ற பரோ, எமனோ ஆகியோரின் திராவிடச் சொற்பிறப்பியல் அகராதி இத்தகைய ஒப்பீட்டிற்கு உதவும்.

சொற்பிரிப்பு

கண்ணன் என்பதைக் கண்+அன் எனப் பிரித்து 'அழகிய கண்களை உடையவன்' என்று விளக்குவதுண்டு. திருமாலின் அவதாரத்தைக் குறிக்கும்போது அச்சொல் கிருஷ்ண என்பதன் பிராகிருத வடிவமாகிய 'கண்ஹ' வழி வந்தது. அதன் மூலப்பொருள் 'கருநிறத்தவன்'. முக்கண்ணன் என்னும் சிவபெருமான் பெயரிலோ கண் என்னும் உறுப்பே பகுதியாகும். வடிவம் ஒத்திருப்பினும் பிறப்பு வேறு என்பதை இடம்நோக்கியே துணிதல் வேண்டும்.

புணர்ச்சியை நோக்காமல் பிரிப்பதும் பிழைக்கு இடந்தரும். சூரியநாராயண சாஸ்திரி (1870–1903) தம் பெயரைப் பரிதிமாற்கலைஞர் எனத் தமிழாக்கினார். சூரியன் பரிதியாகவும், நாராயணன் மாலாகவும், சாஸ்திரி கலைஞராகவும் ஆயின. மால்+கலைஞர் என்பதில் லகரம் றகரமாகத் திரிந்தது. இதனை அறியாதார் 'மாறன்' என்றோ 'மாற்று' என்றோ பொருள்கொள்ள நேரும்.

முடிவுரை

ஒரு பெயரின் பொருளை ஏற்குமுன் அதன் ஒலியமைதி, சொற்பிரிப்பு, அகராதிச் சான்று, இலக்கிய வழக்கு ஆகிய நான்கையும் ஒருங்கே நோக்குதல் வேண்டும். சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி பல சொற்களுக்கு மூலமொழியையும் சுட்டுவதால் தொடக்கநிலைச் சோதனைக்கு ஏற்றது. பிறமொழி மூலம் உடையது என்பதனால் ஒரு பெயர் தாழ்ந்துவிடாது. அம்மூலத்தை மறைத்துப் பொய்ப்பொருள் புனைவதே தவிர்க்கத்தக்கது.